வானத்துக்கு முழம் போட்டவர்கள்

மலருக்குக் கட்டுரை கேட்டு வந்த நண்பர், "எல்லா டிபார்ட்மெண்ட் ஆட்களும் படிக்கிற மாதிரி இருக்கட்டும், கணக்கு கிணக்கு வேண்டாம்" என்று நிபந்தனை போட்டார். ஒப்புக்கொண்டேன். ஆனாலும் ஒரே ஒரு கணக்கு வரத்தான் செய்யும். அதுவும் நாம் இருட்டறையில் செய்து பார்த்த கணக்குதான், பயப்பட வேண்டாம்.

கார்த்திகை மீன் கூட்டம் எல்லோருக்கும் தெரியும். வெறுங்கண்ணால் எண்ணினால் ஆறு. கண் கூர்மையாக இருந்தால் இன்னும் ஒன்றிரண்டு. கலிலியோ தம் சின்ன டெலஸ்கோப்பைத் திருப்பிப் பார்த்துவிட்டு, 1610-ல் வெளியிட்ட நூலில் அதே இடத்தில் 36 மீன்களை வரைந்து காட்டினார். பால்வீதி என்பது பாலும் இல்லை, மேகமும் இல்லை, பிரித்தறிய முடியாத அளவுக்கு நெருங்கிக் கிடக்கும் மீன்கள்தான் என்றும் சொன்னார். அன்றிலிருந்து ஒரு நம்பிக்கை பிறந்தது. மங்கலாகத் தெரிவது எதுவாக இருந்தாலும், இன்னும் பெரிய கண்ணாடி வைத்துப் பார்த்தால் மீன்களாகப் பிரிந்துவிடும் என்பதே அது.

பிரெஞ்சுக்காரர் மெஸ்ஸியேவுக்கு இந்த ஆராய்ச்சியெல்லாம் வேண்டியிருக்கவில்லை. அவர் வால்மீன் வேட்டைக்காரர். வால்மீன் மாதிரியே மங்கலாகத் தெரிந்து, ஆனால் நகராமல் நின்று தம்மை ஏமாற்றிய பொருள்களை எல்லாம், "இதைப் பார்த்து நேரத்தை வீணாக்காதீர்" என்கிற தோரணையில் பட்டியல் போட்டார். 1781-ல் அச்சான பட்டியலில் 103 பொருள்கள். அவர் தேடிப் பிடித்த வால்மீன்களை இன்று யார் நினைக்கிறார்கள்? வேண்டாதவை என்று ஒதுக்கிய அந்தப் பட்டியல்தான் இன்றும் வானியல்காரர்களின் அகராதி. ஆண்ட்ரோமீடா அதில் 31-ஆம் எண்.

பிறகு வில்லியம் ஹெர்ஷல். இங்கிலாந்தில் சங்கீதம் சொல்லிக்கொடுத்துப் பிழைத்தவர், தங்கை கரோலினைக் குறிப்பெழுத வைத்துக்கொண்டு சுமார் 2,500 கொத்துகளையும் நெபுலாக்களையும் பட்டியலிட்டார். 1845-ல் அயர்லாந்தின் ரோஸ் பிரபு 72 அங்குலக் கண்ணாடி போட்ட டெலஸ்கோப்பில் பார்த்தபோது, மெஸ்ஸியேயின் 51-ஆம் எண் நீர்ச்சுழி போலச் சுருண்டு கிடந்தது. அழகுதான். ஆனால் என்ன பொருள் என்று யாருக்கும் புரியவில்லை. இவை நம் பால்வீதி போன்ற வேறு உலகங்களாக இருக்கலாம் என்று காண்ட் என்ற தத்துவஞானி 1755-லேயே எழுதி வைத்திருந்தார். இல்லை, பால்வீதிக்குள்ளேயே மிதக்கும் வாயுச் சுருள்கள் என்றது மறு கட்சி. தூரம் தெரியாதவரை இந்தச் சண்டை தீராது. தூரத்தை அளக்கத்தான் வழி இல்லை.

வழி கண்டது ஒரு பெண்மணி. ஹார்வர்டு வானாய்வு நிலையத்தில் அந்நாளில் "கம்ப்யூட்டர்" என்றால் மெஷின் அல்ல, கணக்குப் போடும் பெண். போட்டோ பிடித்த கண்ணாடித் தகடுகளில் உள்ள புள்ளிகளை லென்ஸ் வைத்துப் பார்த்து, ஒவ்வொன்றின் ஒளியையும் அளந்து எழுத வேண்டும். ஆண்களை வைத்தால் சம்பளம் கட்டாது என்று பெண்களை வைத்தார்கள். ஹென்ரியெட்டா லீவிட்டுக்கு மணிக்கு 30 சென்ட். காதும் சரியாகக் கேட்காது. தெற்கே பெரு நாட்டு அரெக்கிபாவில் எடுத்து அனுப்பிய தகடுகளில் மெகல்லன் மேகங்களை ஆராய்ந்து, ஒளி கூடிக் குறையும் மீன்கள் 1,777-ஐ அம்மையார் பிடித்தார். 1908-ல் அந்தப் பட்டியலோடு, அவற்றில் பிரகாசமானவை கூடிக் குறைய அதிக நாள் எடுக்கின்றன என்று போகிற போக்கில் ஒரு குறிப்பும் எழுதினார். 1912-ல் 25 மீன்களை வைத்து அதையே உறுதியாக்கினார். அறிக்கையில் கையெழுத்து இயக்குநர் பிக்கரிங்குடையது. தயாரித்தவர் மிஸ் லீவிட் என்று முதல் வரியில் சொல்லியிருக்கிறார்; அந்த மட்டுக்கும் நியாயம்.

இதில் என்ன பெரிய விஷயம் என்கிறீர்களா? எண்ணெய்ப் பொட்டு வைத்த காகிதத்தை இரண்டு விளக்குகளுக்கு நடுவே நகர்த்தினோமே, அந்த போட்டோமீட்டர் சோதனையை நினைத்துப் பாருங்கள். இரு மடங்கு தூரம் போனால் வெளிச்சம் நாலில் ஒன்று. விளக்கு எத்தனை வாட் என்று தெரிந்துவிட்டால், கண்ணுக்குத் தெரியும் வெளிச்சத்தை வைத்தே தூரத்தைச் சொல்லிவிடலாம். செபீட் எனும் இந்த மீன்கள் தங்கள் வாட்டைத் தாங்களே சொல்கின்றன. எத்தனை நாளுக்கு ஒருமுறை மினுக்குகிறது என்று எண்ணினால் போதும். மெகல்லன் மேகத்தில் உள்ளவை எல்லாம் நமக்கு ஏறக்குறைய ஒரே தூரத்தில் இருப்பதால்தான் அம்மையாருக்கு இது பிடிபட்டது. இவ்வளவு பெரிய சாவியைக் கண்டெடுத்தவரைக் கதவைத் திறக்க விட்டார்களா? இல்லை. பிக்கரிங் அவரைத் திட்ட அளவு மீன்களின் ஒளியை அளக்கும் வேலைக்குத் திருப்பிவிட்டார். 1921-ல் புற்றுநோயில் இறந்துபோனார். 1925-ல் அவரை நோபல் பரிசுக்குப் பரிந்துரைக்க எண்ணி ஸ்வீடனிலிருந்து ஒரு கணித மேதை கடிதம் எழுதினார். பெறுவதற்கு ஆள் இல்லை.

சாவியை எடுத்துக்கொண்டவர் ஹார்லோ ஷேப்லி. பத்திரிகைத் தொழில் படிக்கப் போனவர். அந்தப் பள்ளி திறக்க இன்னும் ஒரு வருஷம் ஆகும் என்றதும், பாடப்பட்டியலை அகர வரிசையில் புரட்டி வானியலைப் பிடித்துக்கொண்டதாக அவரே சொல்லியிருக்கிறார். கலிபோர்னியாவின் மவுண்ட் வில்சன் மலையில் 60 அங்குல டெலஸ்கோப்பால் உருண்டைக் கொத்துகளை ஆராய்ந்தார். ஒவ்வொரு கொத்திலும் லட்சக்கணக்கில் மீன்கள், தேனடையில் ஈ மொய்த்த மாதிரி. (பகலில் அதே மலையில் எறும்புகள் ஓடும் வேகத்தையும் வெப்பநிலையையும் அளந்து கட்டுரை எழுதினார். சும்மா இருக்கத் தெரியாத மனிதர்!) இந்தக் கொத்துகள் வானம் முழுக்கப் பரவியிருக்காமல் தனுசு ராசிப் பக்கமே குவிந்திருந்தன. அப்படியானால் பால்வீதியின் நடு அங்கேதான். நம் சூரியன் எங்கோ ஓரத்தில். கோப்பர்னிகஸ் பூமியை நடுவிலிருந்து எழுப்பினார் என்றால் 1918-ல் ஷேப்லி சூரியனையே எழுப்பிவிட்டார்.

ஆனால் பால்வீதியின் குறுக்களவு 3 லட்சம் ஒளியாண்டு என்று கணக்கிட்டவர், இத்தனை பெரிதென்றால் வெளியே வேறு என்ன இருக்க முடியும் என்றும் முடிவு கட்டினார். 1920 ஏப்ரல் 26 அன்று வாஷிங்டனில் அவருக்கும் ஹீபர் கர்ட்டிஸுக்கும் வாதம். கர்ட்டிஸ், சுருள் நெபுலாக்கள் தனி உலகங்கள் என்றார். ஆனால் பால்வீதியை மிகச் சிறியதாக வைத்துக்கொண்டார். ஆளுக்குப் பாதி சரி, பாதி தப்பு. ஷேப்லிக்கு ஹார்வர்டு இயக்குநர் பதவி கிடைக்குமா என்ற நேரம் வேறு. பொதுப்படையாகப் பேசிச் சமாளித்தார் என்றுதான் எனக்குப் படுகிறது. பதவி கிடைத்தது.

மவுண்ட் வில்சனில் 100 அங்குல டெலஸ்கோப் அப்போது எட்வின் ஹப்பிள் கைக்கு வந்தது. (100 அங்குலம் என்றால் 254 சென்டிமீட்டர். நம் ஜவ்வாது மலைக் காவலூரில் 1986-ல் திறந்த வைணு பாப்பு டெலஸ்கோப் 234 சென்டிமீட்டர்.) 1923 அக்டோபர் 5 இரவு ஆண்ட்ரோமீடாவைப் படம் பிடித்தார். தகட்டில் மூன்று புதுப் புள்ளிகள். திடீரென்று வெடித்து ஒளிரும் நோவாக்கள் என்று நினைத்து, மூன்றின் பக்கத்திலும் "என்" என்று எழுதி வைத்தார். பழைய தகடுகளோடு ஒப்பிட்டபோது அதில் ஒன்று முன்பும் இருந்திருக்கிறது, கூடிக் குறைந்திருக்கிறது. "என்"னை அடித்துவிட்டு, மாறும் மீன் என்பதற்கு அடையாளமாக "வார்" என்று எழுதி ஓர் ஆச்சரியக்குறியும் போட்டார். 31.4 நாளுக்கு ஒருமுறை மினுக்கும் செபீட்! ஷேப்லியின் அளவுகோலையே வைத்துக் கணக்குப் போட்டால் தூரம் சுமார் 9 லட்சம் ஒளியாண்டு. ஷேப்லியின் பால்வீதியைத் தாண்டி எங்கோ.

1924 பிப்ரவரியில் ஹப்பிள் இதைக் கடிதமாக எழுதி ஷேப்லிக்கே அனுப்பினார். அது வந்தபோது அறையில் இருந்தவர் சிசிலியா பெய்ன் என்ற இளம் ஆராய்ச்சியாளர். தம் பிரபஞ்சத்தையே தகர்த்த கடிதம் இது என்று சொல்லி ஷேப்லி அதை நீட்டினாராம். தோற்றதை அந்த நொடியே ஒப்புக்கொள்ளும் மனசு எத்தனை பேருக்கு வரும்? 1925 ஜனவரி 1 அன்று வாஷிங்டன் கூட்டத்தில் கட்டுரை வாசிக்கப்பட்டது. ஹப்பிள் அங்கே போகக்கூட இல்லை.

கதை அதோடு முடியவில்லை. மீன்களுக்கிடையே உள்ள தூசி ஒளியை விழுங்குகிறது என்று 1930-ல் டிரம்ப்ளர் திறந்த கொத்துகளைக் கொண்டு காட்டினார். அதனால் ஷேப்லியின் பால்வீதி சுருங்கியது. சூரியன் நடுவிலிருந்து சுமார் 26,000 ஒளியாண்டில் இருப்பதாக இன்றைய கணக்கு. இரண்டாம் உலகப்போர் வந்தது. ஜெர்மானியரான வால்டர் பாடே, எதிரி நாட்டுக்காரர் என்பதால் போர் வேலைக்கு எடுத்துக்கொள்ளப்படாமல் மலையிலேயே விடப்பட்டார். கீழே லாஸ் ஏஞ்சலிஸ் நகரம் விளக்கணைத்து இருண்டு கிடந்தது. அந்த இருட்டில், சிவப்பொளிக்கு உணர்வுள்ள தகடுகளால், ஆண்ட்ரோமீடாவின் நடுப்பகுதியைத் தனித்தனி மீன்களாகப் பிரித்துக் காட்டினார். மீன்களில் இரண்டு தலைமுறை உண்டு, செபீடிலும் இரண்டு ஜாதி உண்டு, இத்தனை நாளும் ஒன்றின் அளவுகோலால் மற்றொன்றை அளந்திருக்கிறோம் என்று தெரிந்தது. 1952-ல் ரோம் மாநாட்டில் பாடே அதை அறிவித்தார். ஒரே நாளில் காலக்ஸிகளின் தூரம் எல்லாம் இரட்டித்தது. இன்றைய அளவில் ஆண்ட்ரோமீடா சுமார் 25 லட்சம் ஒளியாண்டு.

ஹப்பிள் குறியிட்ட அந்தச் செபீடை 2010 டிசம்பரிலும் 2011 ஜனவரியிலும் ஹப்பிள் பெயர் தாங்கிய விண்வெளி டெலஸ்கோப் மறுபடி படம் பிடித்தது. அது எந்த நாளில் கூடும், எந்த நாளில் குறையும் என்று முன்கூட்டியே தெரிய வேண்டுமே? சில மாதங்கள் இரவிரவாகக் கவனித்துச் சொன்னவர்கள் சம்பளமில்லாமல் வானம் பார்க்கும் அமெச்சூர்கள்.