மறைத்த அறிவும் பகிர்ந்த அறிவும்

இங்கிலாந்தின் கோண்வோல் பகுதியிலே செம்பு, வெள்ளீயச் சுரங்கங்களில் ஊறும் நீரை நீராவிப் பொறிகளே இறைத்தன. அவற்றுக்கு வேண்டிய நிலக்கரியோ வேல்சிலிருந்து கடல்வழியே வந்தது. ஆதலின் கரிச்சிக்கனமே சுரங்கங்களின் உயிர்நாடியாயிற்று. ஜேம்ஸ் வாற்றின் ஆக்கவுரிமை 1800இல் முடியும்வரை பிறர் செய்ய முயன்ற திருத்தங்கள் தடைப்பட்டுக் கிடந்தன. 1811இல் சுரங்க மேலாளர் ஜோயல் லீன் மாதாந்த அறிக்கையொன்றைத் தொடங்கினார். ஒவ்வொரு பொறியும் ஒரு புசல் கரிக்கு எவ்வளவு நீரை உயர்த்திற்று என்பதை, அதற்குப் பொறுப்பான பொறியியலாளரின் பெயரோடு அது வெளியிட்டது. மறுவாண்டு றிச்சாட் திரெவிதிக் தாம் அமைத்த உயரழுத்தப் பொறிக்கு ஆக்கவுரிமை கோரவில்லை. ஏனையோர் அதனைக் கண்டு பின்பற்றித் திருத்தினர். முப்பது ஆண்டுகளுள் பொறிகளின் சராசரிப் பயன் ஏறக்குறைய மும்மடங்காயிற்று. ஒருவர் பணியை மற்றவர் அறிந்தமையே இவ்வெற்றிக்குக் காரணம். கற்றதைக் கரவாது உரைத்தல் தொழில் வளர்ச்சிக்கும் வித்தாதலை மாணவர் உணர்வாராக.