நட்சத்திர உருவாக்கமும் தொலைக்காட்சி அங்கதமும்: மாடர்ன் தியேட்டர்ஸ் முதல் லொள்ளு சபா வரை

சேலம் ஃபேர்லேண்ட்ஸ் பகுதியிலிருந்து ஏற்காடு அடிவாரம் நோக்கிச் செல்வோர் மாடர்ன் தியேட்டர்ஸின் நுழைவு வளைவைக் காணலாம். 1935இல் டி.ஆர். சுந்தரம் நிறுவிய இப்படநிறுவனம் நூற்றுக்கும் மேற்பட்ட படங்களைத் தயாரித்தது. நடிகரும் எழுத்தாளரும் மாதச் சம்பளத்திற்குப் பணிபுரிந்த அவ்வளாகத்தில் முதலாளியின் கண்டிப்பே மேலோங்கியிருந்தது. நட்சத்திரம் என்பது அங்கு ஓர் உற்பத்திப்பொருள். எனினும், எம்.ஜி.ஆர். நாயகனாக நடித்து, மு. கருணாநிதி உரையாடல் எழுதிய ‘மந்திரி குமாரி’ (1950) இங்கிருந்துதான் வெளிவந்தது. பொருள் தன்னை ஆக்கிய ஆலையினும் பெரிதாக வளர்ந்த வரலாறு அதன்பின் தொடங்குகிறது.

இவ்வளர்ச்சியைப் பகடி செய்த தொலைக்காட்சி வடிவங்களுள் குறிப்பிடத்தக்கது, இந்நூற்றாண்டின் முதற்பத்தாண்டில் விஜய் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான ‘லொள்ளு சபா’. ராம்பாலா இயக்க, சந்தானம், சுவாமிநாதன், மனோகர் முதலியோர் நடித்தனர். இதனை வெறும் ‘மிமிக்ரி’ எனக் கொள்வது பொருந்தாது. குரலைப் போலச் செய்வது நடிகரின் தனித்தன்மையை உறுதிப்படுத்தும். ‘லொள்ளு சபா’ நாயகனின் அறிமுகக் காட்சி, மெதுவியக்க நடை, ‘பஞ்ச்’ வசனம் ஆகிய கருவிகளையே கழற்றிக் காட்டியது. எளிய அரங்கப்பொருள்களுக்கிடையே, நாயகத் தோற்றமற்ற ஒருவர் அதே வசனத்தைப் பேசும்போது, வீரம் வசனத்தில் இல்லை, ஒளியமைப்பிலும் பின்னணி இசையிலும் இருந்தது என்பது வெளிப்படுகிறது. செலவுச் சுருக்கமே இங்குத் திறனாய்வுக் கருவியாயிற்று.

மூலப்பெயரின் எழுத்தை மாற்றிப் பகடி செய்யும் உத்தி புதிதன்று. நந்தனார் கதையைத் தழுவி என்.எஸ். கிருஷ்ணன் நிகழ்த்திய ‘கிந்தனார்’ காலட்சேபம் ‘நல்லதம்பி’ (1949) படத்திலேயே இடம்பெற்றது. ஆனால் கிந்தனாருக்குக் கல்வி என்னும் சமூக நோக்கு இருந்தது. ‘லொள்ளு சபா’வின் நோக்கு திரைமொழிக்குள்ளேயே நின்றது.

அதன் எல்லையும் இதுவே. பண்டிகை நாள்களில் நட்சத்திர நேர்காணல்களையும் புதுப்பட விளம்பரங்களையும் நம்பி வாழும் ஊடகம், நட்சத்திர வழிபாட்டில் தனக்குள்ள பங்கை ஏளனத்திற்கு உட்படுத்துவது அரிது. பகடியின் முதன்மை இலக்காகத் திரைப்படமே அமைந்தது. அதனை விற்கும் ஊடகம் பெரும்பாலும் தப்பியது. சி.எஸ். அமுதனின் ‘தமிழ்ப் படம்’ (2010) இம்முறையைத் திரையரங்கிற்குக் கொண்டுசென்றபோது, பகடியே வணிகப் படமாயிற்று.

பகடி செய்தோரையும் திரையுலகம் உள்வாங்கிக்கொண்டது. ‘மன்மதன்’ (2004) வழியே திரையில் கவனம் பெற்ற சந்தானம் பின்னர் நாயகரானார். ராம்பாலா இயக்கிய ‘தில்லுக்கு துட்டு’ (2016) படத்தின் நாயகனும் அவரே.