பங்கேற்பு ஆவணப்படம்

பங்கேற்பு ஆவணப்படம் என்பது, ஒரு சமூகச் சிக்கலால் பாதிக்கப்பட்டோர் காட்சிப்பொருளாக நில்லாமல், கருத் தேர்வு, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, திரையிடல் ஆகியவற்றில் முடிவெடுக்கும் உரிமையுடன் ஈடுபடும் படவகை. இயக்குநர் இங்கே பயிற்சியாளராகவும் ஒருங்கிணைப்பாளராகவும் செயல்படுகிறார்.

தோற்றம்: 1967இல் கனடாவின் ஃபோகோ தீவில் இயக்குநர் காலின் லோ, மீனவர்களைப் படமெடுத்து, முதலில் அவர்களுக்கே திரையிட்டு ஒப்புதல் பெற்றார். இந்தியாவில், அகமதாபாத்தின் பெண் தொழிலாளர் அமைப்பான சேவா 1984இல் காய்கறி விற்கும் பெண்கள் உள்ளிட்ட உறுப்பினர்களுக்கு வீடியோப் பயிற்சி அளித்தது. எழுத்தறிவு இல்லாதோரும் கேமராவைக் கையாண்டது இம்முயற்சியின் தலையாய சாதனை.

தமிழகம்: கறாரான பொருளில் பங்கேற்புப் படங்கள் இங்குக் குறைவு, நெருங்கிய வடிவங்களே மிகுதி. கையால் மலம் அள்ளும் தொழில் குறித்த திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ (2017) தொழிலாளர் வாக்குமூலங்களால் ஆனது. பொதுத் திரையிடல்கள் தடுக்கப்பட்ட நிலையில் யூடியூபில் வெளியானது. லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ புனைவுப்படமாயினும் பங்கேற்பு முறையைச் சார்ந்தது. எழுத்தாளர் ஷோபாசக்தி அதன் எழுத்தில் பங்களித்து நடித்தார். தனுஷ்கோடி மீனவர்களும் ஈழ அகதிகளும் தம் வாழ்வையே நடித்தனர். இந்திய, இலங்கை அரசுகளை இழிவுபடுத்துவதாகக் கூறிச் சென்னையில் தணிக்கை வாரியம் சான்றிதழ் மறுத்தது. 2011இல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் வெட்டின்றி அனுமதித்தது.

சிக்கல்கள்: முகம் தெரியப் பேசுவோர் வேலையிழப்புக்கும் மிரட்டலுக்கும் ஆளாகலாம். எனவே ஒப்புதல் படப்பிடிப்பின்போது மட்டுமன்றி, தொகுப்புக்குப் பின்னும் பெறப்பட வேண்டும். படத்தின் உரிமையும் வருவாயும் பெரும்பாலும் இயக்குநர் பக்கமே சாய்கின்றன.