சொல் இல்லாத இடத்தில் வைத்தியநாதன்

கொடைக்கானல் மலையில் தூர்தர்ஷன் கோபுரம் எழும்வரை, தென்மாவட்டத்து மொட்டைமாடி ஆன்டெனாக்கள் பல இலங்கையின் ரூபவாஹினியைப் பார்த்தே நின்றன. கோபுரம் வந்த பிறகுதான் அவை தூர்தர்ஷன் பக்கம் திரும்பின. அந்தத் தூர்தர்ஷனின் தொடர் ஒன்றுக்கு மறக்கமுடியாத முகப்பிசையைத் தந்தவர் இசையமைப்பாளர் எல்.வைத்தியநாதன். அவர் குடும்பக் கதையிலும் இலங்கை உண்டு.

தந்தை வி.லட்சுமிநாராயணா யாழ்ப்பாணத்தில் இசை கற்பித்தவர். 1958 இனக்கலவரத்துக்குப் பின் குடும்பம் சென்னைக்குத் திரும்பியது. மகன்கள் வைத்தியநாதன், சுப்பிரமணியம், சங்கர் மூவரும் ஒரே மேடையில் வயலின் வாசித்தார்கள். தம்பிகள் இருவரும் உலக மேடைகளுக்குப் போனார்கள். 1942-இல் பிறந்த அண்ணன், இசையமைப்பாளர் ஜி.கே.வெங்கடேஷிடம் உதவியாளராகச் சேர்ந்து சினிமாவுக்குள் நுழைந்தார்.

அவருக்கு வாய்த்த பெரிய வேலைகள் எல்லாமே கெடுபிடியானவை. 1982, பாரதி நூற்றாண்டு. கே.ஹரிஹரனின் ‘ஏழாவது மனிதன்’ படத்துக்குப் பாட்டு முழுக்கப் பாரதியுடையது. ஊரெல்லாம் பாடிப் பழகிய வரிகள். ஒரு சொல்லைக்கூட மாற்ற முடியாது. மெட்டுதான் கவிதைக்கு வளைந்துகொடுக்க வேண்டும். வைத்தியநாதன் புது மெட்டுகள் போட்டார். பாடியவர்களில் பாரதியின் கொள்ளுப்பேரன் ராஜ்குமார் பாரதியும் ஒருவர்.

1987-இல் நிலைமை தலைகீழ். சிங்கீதம் சீனிவாசராவின் ‘பேசும் படம்’ வசனமே இல்லாதது. கமல்ஹாசனின் முகம் சொல்லாமல் விட்டதை மட்டும் இசை சொல்ல வேண்டும். கொஞ்சம் கூடினாலும் நகைச்சுவை கெட்டுவிடும்.

அதே காலத்தில்தான் ஆர்.கே.நாராயண் கதைகளை சங்கர் நாக் தூர்தர்ஷனுக்காக ‘மால்குடி டேஸ்’ தொடராக எடுத்தார். இந்தியிலும் ஆங்கிலத்திலும் உருவான தொடர். கதை நடப்பதோ தென்னாட்டுச் சிற்றூரில். எந்த மொழியில் பாடினாலும் மற்றவர்களுக்கு அந்நியமாகியிருக்கும். வைத்தியநாதன் பாட்டு எழுதச் சொல்லவில்லை. வெறும் ஹம்மிங் போதும் என்றுவிட்டார். சில நொடிகள்தான். நாடு முழுக்கச் சிறுவர்கள் அதை முணுமுணுத்தார்கள்.

பாலு மகேந்திராவின் ‘சந்தியா ராக’த்துக்கும், தமிழுக்கு முதல் தங்கத்தாமரை வாங்கித் தந்த சேதுமாதவனின் ‘மறுபக்க’த்துக்கும் இசை இவர்தான். 2007 மே 19-இல் மறைந்தார். பாட்டுக்கு இடமில்லாத படத்தில் இசையமைப்பாளருக்கு என்ன வேலை என்று கேட்பவர்களுக்கு இந்தப் படங்களைப் போட்டுக் காட்டலாம்.

அடுத்த வாரம்: ‘சக்தி’ இசைக்குழுவுக்குப் போன தம்பி சங்கர்.

(தொடரும்)