கணக்கில் வராத கோல்கள்

1908-ம் வருஷம் அக்டோபர் 23-ந் தேதி, லண்டனில் ஒலிம்பிக் பந்தயங்கள் நடந்த மைதானத்தில் ஹாலந்து தேசத்துக் கோஷ்டியும் ஸ்வீடன் கோஷ்டியும் கால்பந்து ஆடின. மூன்றாம் இடம் யாருக்கு என்று தீர்மானிக்கும் ஆட்டம் அது. முதல் நாள்தான் ஹாலந்து பிரிட்டிஷ் கோஷ்டியிடம் நாலு கோல் வாங்கித் தோற்றிருந்தது. நாலையும் ஸ்டேப்லி என்ற ஒரே ஆசாமி போட்டான். மறுநாள் ரீமன் ஒன்று, ஸ்நெத்லாகெ ஒன்று என்று இரண்டு கோல் போட்டு, ஹாலந்து வெண்கலப் பதக்கத்தைப் பெற்றது.

கோல் போட்டவன் பெயர் எளிதில் அழிவதில்லை. ஆனால் ஸ்வீடன்காரர்களை ஒரு கோல்கூடப் போட விடாமல் தடுத்தார்களே, அவர்கள்? 'பேக்' ஸ்தானத்தில் நிற்பவனின் தலையெழுத்து அப்படி. அவன் தடுத்த பந்துகளுக்குக் கணக்கில்லை. தடுக்காமல் விட்ட ஒன்றுக்குத்தான் கணக்கு.

அன்று ஹாலந்தின் 'பேக்'குகளில் ஒருவர் லூயி ஓட்டன். 25 வயது நிறைய இன்னும் பதின்மூன்று நாள் பாக்கி. வைத்தியத் துறையைச் சேர்ந்தவர். ஆட்டத்தை விட்ட பிறகும், ஆயுள் முழுவதும் அவர் அதே ஸ்தானத்தில்தான் நின்றார் என்று எனக்குத் தோன்றுகிறது. மைதானம்தான் மாறியது, ஜாவாத் தீவு.

ஜாவா அப்போது டச்சுக்காரர்களின் ஆட்சியில் இருந்தது. 1910-ல் அங்கே விளைச்சல் பொய்த்து, ரங்கூனிலிருந்து அரிசி தருவித்தார்கள். மூட்டைகளோடு எலிகளும், எலிகளோடு தெள்ளுப்பூச்சிகளும், பூச்சிகளின் வயிற்றில் பிளேக் கிருமியும் வந்து இறங்கின. 1911-ல் மாலாங் பக்கத்தில் ஜனங்கள் கொத்துக் கொத்தாகச் செத்தார்கள். முப்பது வருஷத்துக்குள் ஜாவாவில் இந்நோய்க்குப் பலியானவர்கள் 2 லட்சத்துக்கு மேல்.

எலி எங்கே ஒளிந்திருந்தது என்றால், குடியானவனின் வீட்டிலேயே. கீற்றுக் கூரையிலும், தூணாக நட்ட மூங்கிலின் பொந்திலும் அது குடும்பம் நடத்தியது. ஆகவே சர்க்கார் லட்சக்கணக்கான வீடுகளைப் பிரித்து, மரமும் ஓடும் போட்டுக் கட்டச் சொன்னார்கள். மரத்துக்கும் ஓட்டுக்கும் ஆன கடன் குடியானவன் தலையில் விழுந்தது. இறந்தவர் உடலில் ஊசியைச் செலுத்தி மண்ணீரலைச் சோதிக்கவும் உத்தரவாயிற்று. முஸ்லிம் கிராமங்களில் இது எவ்வளவு மனக்கசப்பை உண்டாக்கியிருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. காப்பாற்ற வருகிறவனையும் ஜனங்கள் பகைவனாகப் பார்க்கும் காலம் ஒன்று உண்டு. அந்தக் காலத்தில்தான் டாக்டர் ஓட்டன் அங்கே வேலை செய்தார். 1911 முதல் 1923 வரை ஜாவாவில் பிளேக் நடத்திய கோர நர்த்தனத்தை ஒரு நூலாகவே எழுதினார்.

பிறகு பாண்டுங் நகரில் பாஸ்டர் இன்ஸ்டிட்யூட்டின் தலைமைப் பொறுப்பு அவரிடம் வந்தது. அங்கே அவர் முதலில் தடுத்தது பெரியம்மையை. கன்றுக்குட்டியிடமிருந்து எடுக்கும் அம்மைப்பால் உஷ்ண தேசத்தில் சீக்கிரம் சத்திழந்துவிடும். மலையேறி, ஆறு தாண்டிக் கிராமத்துக்குப் போய்ச் சேருவதற்குள் அது வெறும் தண்ணீர். ஓட்டன் அதைக் காற்றில்லாத பாத்திரத்தில், கந்தக அமிலம் ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும்படி வைத்து, பொடியாக உலர்த்தினார். 1927-ல் அந்த முறையை வெளியிட்டார். பொடி வெயிலுக்குப் பயப்படவில்லை. அம்மை குத்துகிறவர்களுக்கு அந்நாட்டில் 'மந்திரி' என்று பெயர். அந்த மந்திரிகள் பொடியைப் பையில் போட்டுக்கொண்டு தீவு தீவாக நடந்தார்கள். 1937-ல் அத்தீவுகளிலிருந்து பெரியம்மை மறைந்தது.

இனிச் சொல்லப்போவதுதான் என்னை அதிகமாக யோசிக்க வைத்த விஷயம்.

பிளேக்குக்கு ஹாஃப்கின் 1897-ல் பம்பாயில் ஊசி மருந்து செய்தார். அது செத்த கிருமி. உயிருள்ள கிருமியையே வலுவிழக்கச் செய்து குத்தினால் பலன் அதிகம் என்று சிலர் நம்பினார்கள். ஆனால் யாருக்குத் துணிச்சல் வரும்? பாண்டுங்குக்குத் தெற்கே சீவிடே என்ற ஊரில் பிடிபட்ட ஓர் எலியிலிருந்து எடுத்த கிருமி, பரிசோதனைச் சாலையில் இருந்து இருந்து, கொல்லும் சக்தியை இழந்துவிட்டதை ஓட்டன் கண்டார். உயிர் இருந்தது, விஷம் இல்லை. 1934-ல் ஜாவாவில் பிளேக் உச்சத்துக்கு ஏறியது. அந்த ஒரே வருஷத்தில் 20,000 பேருக்கு மேல் மாண்டார்கள். ஓட்டன் அந்தக் கிருமியை மனிதர்களுக்குப் போட்டார்.

எப்படிப் போட்டார் என்பதைக் கவனிக்க வேண்டும். நோய் பரவிய ஒரு வட்டாரத்தில் சுமார் பாதிப் பேருக்குப் போட்டார். மீதிப் பாதியை அப்படியே விட்டார். போட்டுக்கொண்டவர்களிடையே பிளேக் சாவு பல மடங்கு குறைந்தது. அதன் பிறகே லட்சக்கணக்கானவர்களுக்கு அந்த ஊசி போடப்பட்டது. பிளேக்குக்கு 1 கோடிப் பேருக்கு மேல் பறிகொடுத்த நம் தேசத்தின் மருத்துவ ஆராய்ச்சிச் சஞ்சிகையிலேயே, 1936-ல், அவர் முடிவுகளை வெளியிட்டார்.

தடுத்த பந்துக்குக் கணக்கில்லை என்றேன். ஓட்டன் அந்தக் கணக்கைப் பிடித்துவிட்டார். பிழைத்தவன் எந்த ஊசியால் பிழைத்தான் என்று எப்படிச் சொல்வது? பக்கத்து வீட்டுக்காரன் ஊசியில்லாமல் செத்தால்தான் சொல்ல முடியும். விட்டுவைத்த அந்தப் பாதியின் சாவுதான் மறு பாதியின் உயிருக்கு ருசு. ஊசி நல்லதா கெட்டதா என்று தெரியாதபோது, போடாமல் விடுவதும் ஒருவிதக் காவல்தான் என்று விஞ்ஞானி சொல்லலாம். அதில் நியாயம் உண்டு. ஆனால் கதை எழுதுகிறவனின் மனம், அந்த ஊர்களில் ஊசி போட்டுக்கொள்ளாத ஒரு தாயின் பின்னால்தான் போகிறது. அவளும் அந்த வெற்றியில் பங்காளி. சம்மதம் கேட்கப்படாத பங்காளி. ஆளுகிறவன் ஒரு ஜாதி, ஆளப்படுகிறவன் வேறு ஜாதி என்றிருந்த தேசத்தில் அவள் கேள்வி கேட்டிருக்கவும் முடியாது. ஓட்டனின் பெருமையைச் சொல்லும்போது அவளையும் சேர்த்துச் சொல்லாவிட்டால் சரித்திரம் பாதிதான்.

ஓட்டன் 1946 நவம்பர் 7-ந் தேதி, 63 வயது நிறைந்து இரண்டாம் நாள், தாய்நாட்டில் காலமானார். யுத்தத்தில் ஜாவாவின் சுகாதார ஏற்பாடுகள் குலைந்து போயிருந்தன. 1947-ல் பெரியம்மை மறுபடி உள்ளே நுழைந்தது. அதை இந்தோனேஷியர்களே, பாண்டுங்கில் தயாரான உலர்ந்த அம்மைப்பாலைக் கொண்டு, 1972-ல் அடியோடு ஒழித்தார்கள். இந்தத் தடவை கட்டளையிட்டவர்களும், ஊசி குத்தியவர்களும், கை நீட்டியவர்களும் ஒரே ஜனங்கள்.