வெண்மணி: நினைவும் வாதமும்

ஆண்டுதோறும் டிசம்பர் 25 நெருங்கும்போது, இராயபுரம் முதல் எண்ணூர் வரையுள்ள நம் இளைஞர் மன்றங்களில் ஒரு வாதம் தலைதூக்குவதுண்டு. கீழ்வெண்மணியில் மாண்டவர்களுக்கு அஞ்சலி செலுத்தும் பலகையில் 'வெண்மணித் தியாகிகள்' என்று எழுதுவதா, 'வெண்மணிப் படுகொலை' என்று எழுதுவதா என்பதே அந்த வாதம். பெரியவர்களில் சிலர் இதனைச் சொல்லுக்காக நடக்கும் வீண் சண்டை என்று ஒதுக்கிவிடுகின்றனர். வீண் சண்டை அன்று என்பதே என் கருத்து. ஒரு நிகழ்ச்சிக்கு நாம் இடும் பெயரே, அதில் எதைப் பேரப்பிள்ளைகள் காண்பார்கள், எதைக் காணாமல் விடுவார்கள் என்பதை முடிவு செய்கிறது.

நடந்தவை பலரும் அறிந்தவையே. எனினும் இளையோருக்காகச் சுருங்கக் கூறுவோம். அன்றைய ஒன்றுபட்ட தஞ்சை மாவட்டத்தில், நாகப்பட்டினத்தை அடுத்த கீழ்வெண்மணியில், விவசாயத் தொழிலாளர்கள் செங்கொடிச் சங்கத்தில் சேர்ந்து கூடுதல் கூலி கேட்டனர். கூலி என்பது அங்கே பணமன்று, நெல். நிலவுடைமையாளர்கள் நெல் உற்பத்தியாளர் சங்கம் ஒன்றை நடத்திவந்தனர். அதன் தலைவர் இரிஞ்சூர் கோபாலகிருஷ்ண நாயுடு. செங்கொடியை இறக்கிவிட்டுத் தங்கள் சங்கத்தில் சேரவேண்டும் என்பது அவர்கள் கட்டளை. தொழிலாளர்கள் இணங்கவில்லை. 1968 டிசம்பர் 25 இரவு சேரி தாக்கப்பட்டது. ஓடமுடியாத பெண்களும் குழந்தைகளும் முதியவர்களும் இராமையாவின் குடிசைக்குள் அடைக்கலம் புகுந்தனர். அந்தக் குடிசை கொளுத்தப்பட்டது. மாண்டவர் 44 பேர், அனைவரும் தாழ்த்தப்பட்டோர். அதே இரவில் நிலவுடைமையாளர் தரப்பில் ஒருவர் கொல்லப்பட்டார். அந்த வழக்கில் தொழிலாளர்கள் தண்டனை அடைந்தனர்.

இனி அந்த இரு பெயர்களுக்கு வருவோம். 'தியாகிகள்' என்பது இயக்கம் இட்ட பெயர். அரைப்படி நெல்லுக்காகவும் கொடிக்காகவும் உயிர் கொடுத்தவர்கள் என்பது அதன் பொருள். இடதுசாரிகள் அந்த ஊரில் நினைவுச்சின்னம் எழுப்பி, ஆண்டுதோறும் அஞ்சலி செலுத்தி, வெண்மணியை மறதியில் புதையாமல் காத்தனர். இந்த நன்றியை நாம் மறத்தல் தகாது. 'படுகொலை' என்பதோ 1990-களுக்குப் பின் தலித் இயக்கங்கள் அழுத்திச் சொன்ன சொல். கூலி கேட்டவர்கள் வேறு சாதியினராக இருந்திருந்தால் குடிசையோடு கொளுத்தும் துணிவு எவருக்கேனும் வந்திருக்குமா என்பது அவர்கள் கேள்வி. அன்றைய அண்ணா அரசு கணபதியா பிள்ளை ஆணையத்தை அமைத்தது. அதன் வழியே 1969-இல் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. நல்ல சட்டமே. ஆயினும், அரசின் பார்வையிலும் வெண்மணி கூலிப் பிரச்சினையாகவே பதிந்தது என்பதற்கு அதுவே சான்று. பெரியார் அன்று சொன்னதும் சொல்லாததும் இன்றும் மேடைகளில் அலசப்படுகின்றன.

இத்தகைய வாதம் நமக்கு மட்டும் உரியதன்று. யூத மக்களிடையே இது மிக விரிவாக நடந்திருக்கிறது. யூதர் என்றவுடன் நம்மில் பலருக்கு வேதாகமமே நினைவுக்கு வரும். நம் துறைமுகத்துக்கு அருகிலுள்ள பவளக்காரத் தெரு, பவளமும் வைரமும் வாணிகம் செய்த யூதர்கள் வாழ்ந்த தெரு. 1688-இல் சென்னை மாநகராட்சி அமைந்தபோது அதன் முதல் உறுப்பினர்களிலும் யூத வணிகர்கள் இருந்தனர். அந்த இனத்தாரில் ஏறத்தாழ 60 இலட்சம் பேரை ஐரோப்பாவில் நாஜிகள் 1945-க்குள் கொன்றொழித்தனர். ஓர் அரசு, இரயிலும் ஆலையும் அலுவலகமும் கொண்டு ஓர் இனத்தையே துடைக்க முனைந்த செயல் அது. வெண்மணியை அதனோடு எடைபோட நான் வரவில்லை. பின்வந்த தலைமுறைகள் அதனை எவ்வாறு பேசின என்பதில் நமக்குப் பாடம் உண்டு என்பதே என் எண்ணம்.

முதலில் பெயர். உலகம் வழங்கும் 'ஹோலோகாஸ்ட்' என்ற சொல் கிரேக்க மூலம் உடையது. முழுதும் எரித்துப் படைக்கும் பலி என்பது அதன் பொருள். தமிழ் வேதாகமம் 'சர்வாங்க தகனபலி' என்கிறதே, அதுவேதான். யூதர் பலர் இச்சொல்லை ஏற்பதில்லை. பலி என்றால் யாருக்குப் படைத்த பலி, எந்தத் தெய்வம் கேட்டது என்று வினவுகின்றனர். 'பேரழிவு' என்று பொருள்படும் 'ஷோவா' என்னும் எபிரேயச் சொல்லையே அவர்கள் ஆள்கின்றனர். வெண்மணிக் குடிசையில் தாயின் மடியில் கிடந்த குழந்தையைத் தியாகி என்று அழைக்கும்போது எனக்கும் அதே உறுத்தல் தோன்றுகிறது. அந்தக் குழந்தை எதையும் தியாகம் செய்யவில்லை. அதன் உயிர் பறிக்கப்பட்டது.

மறுபக்கமும் உண்டு. போருக்குப் பின் இஸ்ரேலில், யூதர்கள் எதிர்ப்பின்றி வெட்டுக்குச் சென்ற ஆடுகள் என்ற ஏளனம் எழுந்தது. தப்பி வந்தவர்கள் வாய் திறக்கவே கூசினர். வார்சா நகரச் சேரியில் 1943 ஏப்ரலில் ஆயுதமேந்தி எழுந்தவர்களின் வீரமே பெரிதும் போற்றப்பட்டது. நினைவு நாளுக்கும் பேரழிவு, வீரம் என்ற இரண்டையும் சேர்த்தே பெயரிட்டனர். 1961-இல் ஜெருசலேமில் ஐக்மன் வழக்கு நடந்தபோதுதான், நூற்றுக்கும் மேற்பட்ட சாட்சிகள் கூண்டில் நின்று பட்டதைச் சொல்ல, அந்த நாட்டின் இளைஞர்கள் முதன்முறையாகக் காது கொடுத்தனர். வெண்மணியில் நேர்ந்தது இதற்குத் தலைகீழ். அங்கு வீரத்தின் பெயர் முதலிலேயே கிடைத்துவிட்டது. பட்டவர்களின் குரல் பிந்தியே கேட்டது. பாரதி கிருஷ்ணகுமாரின் 'இராமையாவின் குடிசை' ஆவணப்படத்தில் உயிர் தப்பியவர்கள் தம் வாயாலேயே பேசினர். அது வெளிவந்த ஆண்டு 2005. இடையில் கழிந்தவை 37 ஆண்டுகள்.

அதற்கு முன் கதையைப் பிறர் சொன்னார்கள். இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' 1975-இல் வந்து, 1977-இல் சாகித்திய அகாதமிப் பரிசு பெற்றது. வெண்மணியின் பெயரைப் படித்த நடுத்தர வகுப்பினரிடம் சேர்த்த நாவல் அது. ஆயினும் அதில் நம் கண்ணாக அமைபவர்கள் டில்லியிலிருந்து வந்தவர்கள். நிலவுடைமையாளரின் கொடுமைக்கு அவருடைய ஆண்மைக் குறையைக் காரணமாக்கியது பற்றியும் கண்டனம் எழுந்தது. அக்கண்டனம் நியாயமானது. ஒரு மனிதனின் உடற்குறையே காரணம் என்றால், ஊரின் குற்றம் எங்கே போயிற்று? சோலை சுந்தரபெருமாளின் 'செந்நெல்' (1999), மீனா கந்தசாமியின் ஆங்கில நாவலான 'குறத்தியம்மன்' (2014) ஆகியன இதே நிகழ்ச்சியை வேறு கோணங்களில் எடுத்தன.

நீதிமன்றத்தைப் பற்றியும் சொல்லவேண்டும். 1970-இல் நாகப்பட்டினம் செசன்ஸ் நீதிமன்றம் நாயுடு உள்ளிட்டோருக்குச் சிறைத்தண்டனை விதித்தது. 1973-இல் சென்னை உயர்நீதிமன்றம் அனைவரையும் விடுவித்தது. குற்றம் சாட்டப்பட்ட 23 பேரும் மிராசுதார்கள், நிலபுலன் மிகுந்தவர்கள், கார் வைத்திருப்பவர் தாமே நடந்து சென்று தீவைத்தார் என்பது நம்பத்தக்கதன்று என்னும் போக்கில் அத்தீர்ப்பு அமைந்தது. நம் கடற்கரையிலேயே, உயர்நீதிமன்றத்துச் செங்கற்கட்டடத்தில், எழுதப்பட்ட வரிகள் அவை. 1980-இல் நாயுடு வெட்டிக் கொல்லப்பட்டார்; அதனை நீதி என்று கொண்டாடுவோரும் உளர். நான் அவ்வாறு எண்ணவில்லை. 1973-இன் தீர்ப்பு அதனால் மாறிவிடவில்லை. குடிசைக்குத் தீவைத்தவர் யார் என்பதற்குச் சட்டத்தின் ஏட்டில் இன்றும் விடையில்லை. இதனோடு இலண்டன் வழக்கு ஒன்றை ஒப்பிடலாம். யூதர் படுகொலையை மறுத்து எழுதிய டேவிட் இர்விங், தம்மைப் பொய்யர் என்று எழுதிய டெபோரா லிப்ஸ்டாட் மீது மானநட்ட வழக்குத் தொடுத்தார். 2000-இல் வந்த தீர்ப்பு, ஆவணங்களைத் திரித்தவர் இர்விங்கே என்று விரிவாகக் காட்டிற்று. ஆவணம் இருந்தது, அதைப் படித்துக் காட்ட வரலாற்றறிஞர்களும் இருந்தனர்.

கல் நாட்டுவதிலும் வாதம் உண்டு. பெர்லின் நகரின் நடுவே 2005-இல் 2711 கான்கிரீட் பாளங்கள் கொண்ட நினைவுச்சின்னம் திறக்கப்பட்டது. அந்தப் பாளங்களில் ஒரு பெயரும் இல்லை. யூதருக்கு மட்டும் போதுமா என்று நெடுநாள் விவாதித்தபின், நாஜிகள் கொன்ற ரோமா மக்களுக்குத் தனிச்சின்னம் 2012-இல் அமைந்தது. குந்தர் டெம்னிக் என்னும் சிற்பி வேறு வழி கண்டார். பிடித்துச் செல்லப்பட்டவர் வாழ்ந்த வீட்டு வாயிலின் நடைபாதையில், அவர் பெயர் பொறித்த சிறு பித்தளைக் கல்லைப் பதித்தார். மாண்டவர் பெயரைக் காலால் மிதிப்பதா என்று மியூனிக் நகர யூதத் தலைவர்கள் எதிர்க்க, அந்நகராட்சி தன் நடைபாதைகளில் அதனை அனுமதிக்கவில்லை. பெயர் மீது கால் படுவதன் பொருளை நமக்கு எவரும் விளக்க வேண்டியதில்லை. இவற்றை முன்னின்று செய்தவர்களில் கொன்றவர் தரப்பின் பிள்ளைகளும் பேரர்களும் பலர் என்பதை நம் இளைஞர்கள் கவனிக்க வேண்டும். வெண்மணிக்கு அந்தத் திசையிலிருந்து வந்து நிற்பவர் அரியர்.

வெண்மணி நினைவுக்கல்லில் 44 பெயர்களும் உள்ளன. அன்றைய நாளேடுகள் அச்சிட்ட எண்ணிக்கை 42. இரண்டு உயிர் வேறுபாடு சிறிதெனத் தோன்றலாம். கல்லைப் படிப்பவருக்கு அந்த இருவரும் பெயருள்ள மனிதர்கள். கல்லைவிட நிலமே நினைவு என்று கருதியவர்களும் உண்டு. கிருஷ்ணம்மாள், ஜெகந்நாதன் தம்பதியர் அங்குத் தொடங்கி, 1981-இல் உழுபவனின் நிலவுரிமை இயக்கத்தை அமைத்து, கூலிப்பெண்கள் பெயரில் நிலம் பதிவு செய்வித்தனர்.

பலகையில் என்ன எழுதுவது? 'படுகொலை' என்றே எழுதலாம் என்பது என் முடிவு. கொடியை இறக்க மறுத்த அவர்களுடைய உறுதியை அதன்கீழ் ஒரு வரியில் சேர்க்கலாம். 44 பெயர்களையும் முழுமையாக எழுதவேண்டும். இடம் போதாதென்றால் தலைவர்கள் படத்தைச் சிறிதாக்கலாம்.

நம் வட்டாரத்துக்கே உரிய கணக்கு ஒன்றும் பாக்கியிருக்கிறது. 1921-இல் பெரம்பூர் பக்கிங்காம் கர்நாடிக் ஆலை வேலைநிறுத்தத்தின்போது, ஆதிதிராவிடத் தொழிலாளர்கள் வேலைக்குத் திரும்பியதை அடுத்துக் கலவரம் மூண்டு, புளியந்தோப்பில் அவர்கள் குடிசைகள் எரிக்கப்பட்டன. அது தொழிலாளர் பிளவா, சாதிக் கலவரமா என்று வரலாற்றாசிரியர்கள் இன்றும் வாதிடுகின்றனர். நீதிக்கட்சித் தலைவர் தியாகராயச் செட்டியார் ஆதிதிராவிடரை நகரைவிட்டு அகற்றச் சொன்னார், எம்.சி. இராஜா அவர்கள் பக்கம் நின்று வாதாடி, 1923-இல் அக்கட்சியை விட்டே வெளியேறினார். ஆலை 1996-இல் மூடப்பட்டது. அந்தக் குடிசைகளில் இருந்தவர்களின் வாய்மொழியை நேரில் கேட்டு வளர்ந்த பேரப்பிள்ளைகள், இன்று எழுபதும் எண்பதும் கடந்த வயதில், புளியந்தோப்பிலும் வியாசர்பாடியிலும் நம் அண்டைத் தெருக்களிலும் இருக்கிறார்கள்.