சிறு படங்கள் வளர்த்த இசைக்கலைஞர்

பெரிய படங்களுக்கு நூறு வாத்தியக் கலைஞர்கள் கூட வாசிப்பதுண்டு. சிறு முதலீட்டில் எடுக்கப்படும் தனிமுயற்சிப் படங்களுக்கு அந்த வசதி ஏது? அப்படிப்பட்ட படங்களில் உழைத்து, தமக்கென ஒரு வழியை அமைத்துக்கொண்டவர் கனடா நாட்டு இசையமைப்பாளர் மைக்கேல் டானா.

1958ஆம் ஆண்டு வின்னிபெக் நகரில் பிறந்த அவர், டொரொண்டோ பல்கலைக்கழகத்தில் இசை பயின்றார். பின்னர் 1987 முதல் 1992 வரை அந்நகரின் மெக்லாக்லின் கோளரங்கத்திற்கு இசையமைத்தார். அந்த 1987இல்தான் இயக்குநர் அட்டோம் எகோயனின் 'ஃபேமிலி வியூவிங்' படம் வெளிவந்தது. அவ்விருவரின் நீண்ட கூட்டணி அதில்தான் தொடங்கியது.

ஊருக்கு ஒவ்வாத கருவிகள்

ஹாலிவுட் பாணியைச் சிறு செலவில் நகலெடுத்தால் நகல் என்றே தெரிந்துவிடும். டானா அவ்வழியை நாடவில்லை. 1997இல் வந்த எகோயனின் 'தி சுவீட் ஹியர்ஆஃப்டர்', பள்ளிப் பேருந்து விபத்தில் பிள்ளைகளைப் பறிகொடுத்த ஒரு பனிப்பிரதேச ஊரின் கதை. அதில் 'நே' எனும் பாரசீகக் குழலையும் ஐரோப்பாவின் பழங்கால வாத்தியங்களையும் ஒலிக்கச் செய்தார். குழலூதிச் சிறுவர்களை அழைத்துச் சென்றவனின் பழங்கதை அப்படத்தில் இழையோடுவதால், குழலோசைக்குக் கூடுதல் பொருள் கிடைத்தது. படம் கான் விழாவில் இரண்டாம் உயரிய விருதான 'கிராண்ட் பிரி'யை வென்றது.

அதே ஆண்டில் ஆங் லீயின் 'தி ஐஸ் ஸ்டோர்ம்' வந்தது. 1973ஆம் ஆண்டு அமெரிக்கக் குடும்பங்களின் கதைக்கு டானா பயன்படுத்தியது காமெலான்! ஜாவாவிலும் தெரெங்கானு அரண்மனையிலும் ஒலித்த அதே வெண்கல இசைதான். உறைந்துபோன உறவுகளுக்கு அந்த உலோக நாதம் பொருந்தி நின்றது. 2001இல் மீரா நாயரின் 'மான்சூன் வெட்டிங்' படத்திற்கும் அவரே இசையமைத்தார்.

தமிழில் ஒரு தாலாட்டு

2012இல் ஆங் லீ பெரும் பொருட்செலவில் 'லைஃப் ஆஃப் பை' படத்தை எடுத்தார். பணம் பெருகியதும் டானா தம் வழியை மாற்றிக்கொண்டாரா? இல்லை. புதுச்சேரியில் தொடங்கும் அக்கதையை பாம்பே ஜெயஸ்ரீ பாடிய தமிழ்த் தாலாட்டோடு ஆரம்பித்தார். அப்பாடல் ஆஸ்கார் பரிந்துரையைப் பெற்றது. சிறந்த பின்னணி இசைக்கான ஆஸ்கார் விருது 2013இல் டானாவுக்குக் கிடைத்தது.

நம் மண்ணில் குறும்படங்களுக்கு இசையமைக்கும் இளையர்கள் இவ்வரலாற்றை எண்ணிப் பார்க்க வேண்டும். உறுமியும் காமெலானும் ரெபானாவும் நம் கைக்கெட்டும் தூரத்திலேயே உள்ளன. அவற்றைக் கேட்கும் காதுதான் வேண்டும்.